ஆட்டத்துக்குள் ஒரு ஆட்டம்!

சாயங்கால நேரம். பள்ளிக்கூடம் விட்டு வந்த சிறுவன் அப்பாவின் செல்போனை எடுத்துக் கார் ஓட்டிக் கொண்டிருக்கிறான். பக்கத்தில் பாட்டி உட்கார்ந்து இருக்கிறாள். அவளும் ஆவலோடு பார்க்கிறாள்.

கார் பறக்கிறது. வளைவில் திரும்புகிறது. எல்லைக் கோட்டைத் தாண்டுகிறது. சபாஷ்!

அடுத்த நிமிடம் காரைக் காணோம். ரோட்டையும் காணோம். பல வர்ணச் சக்கரம் ஒன்று திரையில் சுற்றுகிறது.

"ஏண்டா, காரை எங்கே விட்டாய்?" என்று பாட்டி கேட்கிறாள்.

"கார் இருக்கிறது, பாட்டி. இது மினி கேம்!"

"அப்படி என்றால் என்னடா?"

சிறுவனுக்குப் பதில் சொல்ல நேரம் இல்லை. சக்கரம் நிற்கப் போகிறது!

பாட்டி கேட்டது நல்ல கேள்வி. பிள்ளைகள் தினமும் பத்துத் தடவை சொல்லும் சொல் அது. பெரியவர்கள் அதைக் கேட்டும் கேட்காதது போல இருந்து விடுகிறார்கள். ஆனால் அந்தச் சொல்லுக்குள் ஒரு சின்ன சந்தோஷமும் இருக்கிறது. சில சமயம் பெரிய ஆபத்தும் இருக்கிறது.

சொல்லின் பொருள்

"மினி" என்றால் சிறியது. மினி பஸ், மினி லாரி, மினி டிபன் எல்லாம் நமக்குத் தெரிந்தவை. "கேம்" என்றால் விளையாட்டு. இரண்டையும் சேர்த்தால் சிறிய விளையாட்டு.

ஆனால் சிறியதாக இருந்தால் மட்டும் அது மினி கேம் ஆகி விடாது. பல்லாங்குழியை யாரும் மினி கேம் என்று சொல்வதில்லை. ஒரு பெரிய ஆட்டத்தின் வயிற்றுக்குள் இன்னொரு ஆட்டம் இருக்க வேண்டும். அதற்கு என்று தனிச் சட்டம் வேண்டும். அது முடிந்ததும் ஆடுகிறவர் பழைய ஆட்டத்துக்குத் திரும்ப வேண்டும். அப்படி இருந்தால்தான் அது மினி கேம்.

இதோடு வேறு ஒரு சொல்லைச் சிலர் குழப்பிக் கொள்கிறார்கள். அது "மெட்டா கேம்". அது உள்ளே இருக்கும் ஆட்டம் அல்ல. ஆட்டத்தைச் சுற்றி நடக்கும் யோசனை. சதுரங்கம் ஆட உட்காரும் முன்பே, எதிராளி போன தடவை எப்படித் தொடங்கினார், எந்த இடத்தில் தடுமாறினார் என்று பார்த்து வைத்துக் கொள்கிறார்களே, அதுதான் மெட்டா கேம். அது மூளையில் நடப்பது. மினி கேம் திரையில் நடப்பது.

தமிழில் "ஆட்டத்துக்குள் ஆட்டம்" என்று சொன்னால் சட்டென்று ஒரு சந்தேகம் எழும். "இதில் வேறு ஏதோ ஆட்டம் நடக்கிறது" என்று பெரியவர்கள் புருவத்தை உயர்த்துவார்கள். "மினி கேம்" என்று சொன்னால் அந்தச் சந்தேகம் எழுவதில்லை. "மினி" என்ற சொல் எல்லாவற்றையும் சின்னதாக, சாதுவாகக் காட்டி விடுகிறது. அங்கேதான் ஏமாற்றம் ஆரம்பம்!

இளைப்பாற ஒரு நிழல்

இந்தப் பழக்கம் கெட்ட எண்ணத்தோடு பிறந்தது அல்ல.

செல்போன் வருவதற்கு முன்பு, கடைகளில் பீரோ மாதிரி நிற்கும் எந்திரங்களில் காசு போட்டு வீடியோ கேம் ஆடுவார்கள். 1980-ம் ஆண்டு ஜப்பானில் நாம்கோ என்ற கம்பெனி "ராலி எக்ஸ்" என்ற கார் ஆட்டத்தை வெளியிட்டது. சந்து பொந்துகளில் கார் ஓட்டிக் கொடிகளைச் சேர்க்க வேண்டும். சிவப்புக் கார்கள் துரத்தும். இடித்தால் ஆள் காலி.

நடுநடுவே ஒரு சுற்று வரும். அதில் சிவப்புக் கார்கள் அசையாமல் நிற்கும். எண்ணெய் தீரும் வரை துரத்தல் இல்லை. ஓடிக் கொண்டே இருந்தவனுக்கு மூச்சு வாங்க ஒரு வாய்ப்பு!

அடுத்த ஆண்டு, 1981-ல், அதே கம்பெனி "காலகா" என்ற ஆட்டத்தை வெளியிட்டது. அதில் எதிரிகள் கூட்டமாகப் பறந்து வந்து சுடுவார்கள். ஆனால் ஒரு விசேஷச் சுற்றில் மட்டும் அவர்கள் சுட மாட்டார்கள். வரிசையாகப் பறந்து காட்டி விட்டுப் போவார்கள். அவர்கள் 40 பேரையும் சுட்டு வீழ்த்தினால் 10,000 புள்ளி பரிசு.

வயலில் நடவு நடும் பெண்கள் நடுவில் வரப்பில் உட்கார்ந்து வெற்றிலை போடுவது இல்லையா? அது போலத்தான் இதுவும். வேலைக்கு நடுவில் ஓய்வு. ஓய்விலும் ஒரு குதூகலம்.

சீட்டுக் கம்பெனியின் சீட்டு

1988-ல் ஜப்பானில் "சூப்பர் மேரியோ பிரதர்ஸ் 3" வெளிவந்தது. மீசை வைத்த குழாய்த் தொழிலாளி மேரியோ ஓடுவான், தாவுவான், பள்ளங்களைத் தாண்டுவான். அவன் போகும் வழியில் திடீர் என்று ஒரு சீட்டு ஆட்டம் வரும்.

18 சீட்டுகள் கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கும். இரண்டு இரண்டாகத் திறக்க வேண்டும். ஒரே படம் வந்தால் பரிசு. இரண்டு தடவை தவறினால் ஆட்டம் முடிந்தது.

இதை வெளியிட்ட நின்டெண்டோ கம்பெனியின் பூர்வீகம் என்ன தெரியுமா? 1889-ல் கியோட்டோ நகரில் சீட்டுக்கட்டு செய்து விற்கத் தொடங்கிய கம்பெனி அது! தாத்தா விற்ற சீட்டு, பேரன் செய்த ஆட்டத்துக்குள் வந்து உட்கார்ந்து கொண்டது.

இந்தச் சீட்டு ஆட்டத்தில் ஞாபக சக்திக்கு வேலை இருக்கிறது. பணம் கேட்பதில்லை. சீக்கிரம் முடிந்து விடுகிறது. நல்ல மினி கேமுக்கு இது ஓர் உதாரணம்.

காத்திருக்கும் நேரத்துக்குச் சொந்தக்காரர்!

அந்தக் காலத்தில் தட்டில் பதிந்த ஆட்டங்கள் தொடங்குவதற்குச் சில வினாடிகள் ஆகும். ஆடுகிறவர் வெறும் திரையைப் பார்த்துக் கொண்டு உட்கார்ந்து இருக்க வேண்டும்.

நாம்கோ கம்பெனிக்கு ஒரு யோசனை வந்தது. 1994-ல் "ரிட்ஜ் ரேசர்" என்ற கார்ப் பந்தய ஆட்டத்தை வீட்டு எந்திரத்துக்காக வெளியிட்டபோது, அந்தக் காத்திருக்கும் நேரத்தில் ஆடுவதற்குத் தன்னுடைய பழைய ஆட்டமான "காலக்சியன்" என்பதை வைத்தது. கார் வரும் வரை விண்வெளியில் சண்டை!

கம்பெனி அதோடு நிற்கவில்லை. இந்த யோசனைக்கு அமெரிக்காவில் காப்புரிமையும் வாங்கியது. காப்புரிமை என்றால், "இது என் கண்டுபிடிப்பு, என் அனுமதி இல்லாமல் மற்றவர்கள் செய்யக் கூடாது" என்ற சட்டப் பாதுகாப்பு. அது 1998-ல் கிடைத்தது. 2015 நவம்பர் மாதம் வரை நீடித்தது.

காப்புரிமை காலாவதியாகி மற்றக் கம்பெனிகளுக்குக் கதவு திறந்தபோது, எந்திரங்களின் வேகமும் கூடத் தொடங்கிவிட்டது. காத்திருக்கும் நேரம் குறைந்து கொண்டே போயிற்று. கதவு திறந்தது, உள்ளே பந்தி முடிந்து விட்டது!

சில வினாடி ஆட்டத்துக்காக ஒரு கம்பெனி இத்தனை ஆண்டு உரிமை கொண்டாடியது என்றால், "மினி" என்பதன் மதிப்பு என்ன என்று பார்த்துக் கொள்ளலாம்.

தனிக்குடித்தனம் போன சீட்டு

போலந்து நாட்டில் உருவாக்கப்பட்டு 2015-ல் வெளிவந்தது "விட்சர் 3" என்ற ஆட்டம். பெரியவர்களுக்கான கதை அது. காணாமல் போன வளர்ப்பு மகளைத் தேடி ஒரு வீரன் நாடு நாடாக அலைகிறான். உயிர் போகிற அவசரம்!

ஆனால் வழியில் உள்ள சத்திரங்களில் "க்வெண்ட்" என்ற சீட்டு ஆட்டம் ஆடலாம். ஆடியவர்கள் அதில் மயங்கி விட்டார்கள். "மகளைத் தேடப் போனவன் சீட்டு ஆடிக் கொண்டிருக்கிறான்" என்று அவர்களே தங்களைக் கேலி செய்து கொண்டார்கள்.

முடிவு என்ன? 2018-ல் அந்தச் சீட்டு ஆட்டம் தனி ஆட்டமாகவே முழுமையாக வெளிவந்தது. உள்ளே இருந்த பிள்ளை தனிக்குடித்தனம் போய் விட்டது!

கதை வேடிக்கைதான். ஆனால் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. பெரிய ஆட்டத்தை விடச் சின்ன ஆட்டத்தை விட்டு எழுந்திருப்பதுதான் கடினம். "இன்னும் ஒரே ஒரு தரம்" என்று சொல்ல வைப்பது சின்ன ஆட்டம்தான்.

கை புண்ணான கதை

அந்த "ஒரே ஒரு தரம்" சில சமயம் உடம்பையும் பதம் பார்க்கும்.

1998-ல் "மேரியோ பார்ட்டி" என்ற ஆட்டம் வந்தது. அதில் நாலு பேர் பகடை உருட்டிக் காய் நகர்த்துவார்கள். ஒவ்வொரு சுற்றின் முடிவிலும் ஒரு மினி கேம். அதில் ஒன்று கயிறு இழுக்கும் போட்டி. கையில் உள்ள கருவியின் சிறிய குச்சியை எவ்வளவு வேகமாகச் சுற்றுகிறோமோ, அவ்வளவு பலமாகக் கயிறு இழுபடும்.

பிள்ளைகள் விரலால் சுற்றவில்லை. வேகம் வேண்டும் என்று உள்ளங்கையை வைத்துத் தேய்த்தார்கள். தோல் உரிந்தது, கொப்புளம் கண்டது. பெற்றோர்கள் புகார் செய்தார்கள். நியூயார்க் மாநில அரசாங்க வக்கீல் அலுவலகம் விசாரித்தது. 2000-ம் ஆண்டு, ஆட்டத்தை வாங்கியவர்களுக்குக் கையுறை கொடுக்க நின்டெண்டோ கம்பெனி ஒப்புக் கொண்டது.

சின்ன ஆட்டம், ஆனால் காயம் நிஜம்!

சூதாட்டக் கூடம்

உடம்புக் காயம் கண்ணுக்குத் தெரியும். மனசில் ஏறும் பழக்கம் கண்ணுக்குத் தெரியாது.

1996-ல் ஜப்பானில் வெளிவந்த "போக்கிமான்" ஆட்டம் உலகம் முழுவதும் குழந்தைகளின் உள்ளத்தைக் கொள்ளை கொண்டது. அதில் வரும் ஒரு ஊரில் ஒரு கூடம் உண்டு. உள்ளே போனால் சூதாட்ட எந்திரங்கள்! நாணயம் போட்டால் மூன்று படச் சக்கரங்கள் சுற்றும். ஒரே படம் வரிசையாக வந்தால் நாணயங்கள் கொட்டும். அவற்றைக் கொடுத்து அபூர்வப் பிராணிகளை வாங்கலாம்.

அது நிஜப் பணம் அல்ல, ஆட்டத்துப் பணம்தான். ஆனாலும் குழந்தைகள் சூதாட்டத்தைப் பழகும் இடமாக அது இருக்கலாமா என்ற கேள்வி எழுந்தது. சூதாட்டத்தைக் காட்டும் ஆட்டங்களுக்கு ஐரோப்பாவில் வயது முத்திரை கடுமையாயிற்று. 2009-ல் ஐரோப்பாவில் வந்த போக்கிமான் பதிப்பில் அந்த எந்திரங்கள் ஓடவில்லை. 2010-ல் ஜப்பானில் வந்த புதிய பதிப்பில் அந்தக் கூடமே இல்லை.

ஒரு கதவு அடைபட்டது. ஆனால் வேறு ஒரு கதவு செல்போனில் திறந்து விட்டது!

ஆறு படத்தின் கணக்கு

ஜப்பானியக் கடைகளில் ஒரு பொம்மை எந்திரம் உண்டு. காசு போட்டுக் கைப்பிடியைத் திருகினால் "கச்சா கச்சா" என்று சத்தம் வரும். ஒரு உருண்டை விழும். உள்ளே ஒரு பொம்மை இருக்கும். எந்தப் பொம்மை என்று முன்கூட்டியே தெரியாது.

இந்த எந்திரம் செல்போன் ஆட்டங்களுக்குள் மினி கேமாக நுழைந்தது. உருண்டை, பெட்டி, சக்கரம் என்று வேஷம் பல. வேலை ஒன்றுதான். பணம் கொடு, என்ன வரும் என்று அப்புறம் பார்!

இதிலும் ஒரு விபரீத வகை இருந்தது. ஒரு வரிசைப் படங்கள் அத்தனையும் சேர்த்தால்தான் பெரிய பரிசு. இதில் பணம் எப்படிக் கரைகிறது?

ஒரு வரிசையில் 6 படங்கள் என்று வைத்துக் கொள்ளலாம். ஒரு தரம் எடுக்க 50 ரூபாய். 6 படம், 6 தரம், 300 ரூபாய் என்று பிள்ளை கணக்குப் போடும். அது தப்புக் கணக்கு! வந்த படமே மறுபடியும் வரும். ஆறு படங்களுக்கும் சம வாய்ப்பு இருந்தால் கூட, எல்லாம் சேருவதற்குச் சராசரியாக 15 தரம் எடுக்க வேண்டியிருக்கும். செலவு 700 ரூபாயைத் தாண்டிவிடும். கடைசிப் படம் ஒன்றுக்கு மட்டுமே சராசரியாக 300 ரூபாய்! கடைசிப் படத்தை அபூர்வமாக்கி வைத்தால் செலவு எங்கே போய் நிற்கும்?

ஐந்து படம் சேர்த்த பிள்ளை, "இன்னும் ஒன்றுதானே" என்று நினைக்கும். அந்த ஒன்றில்தான் வியாபாரம் இருக்கிறது.

2012-ல் ஜப்பானின் நுகர்வோர் விவகாரத் துறை இந்த வரிசை சேர்க்கும் முறை சட்ட விரோதம் என்று அறிவித்தது. 2018-ல் பெல்ஜியம் நாட்டின் சூதாட்டக் கட்டுப்பாட்டு அமைப்பு, இது மாதிரிப் பரிசுப் பெட்டி பற்றி 4 ஆட்டங்களை ஆராய்ந்தது. அவற்றில் 3 ஆட்டங்களில் இருந்த பெட்டிகள் சூதாட்டச் சட்டத்தை மீறுகின்றன என்று சொன்னது. பணம் கட்டுவது, அதிர்ஷ்டத்தை நம்புவது, ஜெயிப்பது அல்லது தோற்பது — இவை சேர்ந்தால் அதற்குப் பெயர் சூதாட்டம்தானே!

விளம்பரத் தூண்டில்

"மினி கேம்" என்ற சொல்லைக் கேடயமாகப் பிடித்தவர்களும் உண்டு.

செல்போனில் ஒரு விளம்பரம் வருகிறது. ஊசியை உருவினால் தண்ணீர் பாய்ந்து நெருப்பு அணைகிறது; ஆள் தப்பிக்கிறான். பார்க்க ஆசையாக இருக்கிறது. ஆட்டத்தை இறக்கிப் பார்த்தால் அது எங்கும் காணோம்! ஒரே மாதிரிப் படங்களை வரிசையாகச் சேர்க்கும் வேறு ஒரு ஆட்டம் வருகிறது.

பிரிட்டனில் இப்படி இரண்டு விளம்பரங்கள் மீது புகார் எழுந்தது. "ஹோம்ஸ்கேப்ஸ்", "கார்டன்ஸ்கேப்ஸ்" என்ற ஆட்டங்களின் விளம்பரங்கள் அவை. விளம்பரத்தில் காட்டியதும் ஆட்டத்துக்குள் இருக்கிறது என்று கம்பெனி வாதாடியது. இருந்தது உண்மைதான். எங்கே? ஆயிரக்கணக்கான படிகளுக்கு நடுவே, ஒரு சில இடங்களில் மட்டும்! 2020 செப்டம்பரில் பிரிட்டிஷ் விளம்பரக் கண்காணிப்பு அமைப்பு, "இவை மக்களைத் தவறாக நினைக்க வைக்கின்றன" என்று கூறி அந்த விளம்பரங்களுக்குத் தடை போட்டது.

ஜன்னலில் அல்வாவைக் காட்டி, உள்ளே பொரி விற்றால் யார் ஒப்புக் கொள்வார்கள்?

வீட்டில் செய்ய வேண்டியது

பணம் கட்டிப் பணம் ஜெயிக்கும் ஆன்லைன் ஆட்டங்களைத் தடுக்க 2025 ஆகஸ்டில் இந்திய பார்லிமெண்ட் ஒரு சட்டம் நிறைவேற்றியது. நல்ல காரியம். ஆனால் குழந்தைகளின் ஆட்டத்தில் வரும் பெட்டியைத் திறந்தால் பணம் வருவதில்லை. பொம்மைக்குத் தொப்பி வருகிறது, காருக்குப் புது வர்ணம் வருகிறது. போவது மட்டும் நிஜப் பணம். சட்டம் வந்து விட்டது என்று பெற்றோர்கள் கண்ணை மூடிக் கொண்டு இருக்க முடியாது. வீட்டில் முதல் காவல் அவர்கள்தான்.

அதற்காகச் செல்போனைப் பிடுங்கி அலமாரியில் பூட்ட வேண்டும் என்பது இல்லை. எல்லா மினி கேமும் சூது அல்ல. சீட்டைத் திறந்து ஜோடி சேர்க்கும் ஆட்டத்தில் என்ன தப்பு? நல்லதையும் கெட்டதையும் பிரித்துப் பார்க்கத் தெரிய வேண்டும். அதற்கு ஆங்கிலப் படிப்பு வேண்டாம். மூன்று கேள்வி போதும்.

இந்தச் சின்ன ஆட்டம் தானாக முடிகிறதா, அல்லது இன்னும் ஒரு தரம் என்று இழுக்கிறதா?

இதில் ஜெயிப்பது பிள்ளையின் திறமையா, அல்லது வெறும் அதிர்ஷ்டமா?

இது எந்த இடத்திலாவது நிஜப் பணம் கேட்கிறதா?

முடிகிறது, திறமை வேண்டும், பணம் கேட்கவில்லை என்றால் தாராளமாக ஆடட்டும். முடிவதில்லை, அதிர்ஷ்டம்தான், பணமும் கேட்கிறது என்றால் அது ஆட்டமே அல்ல, கடை! சூதாட்டக் கடை!

இன்னும் ஒரு காரியம் உண்டு. ஆட்டங்களை இறக்கும் இடத்தில், ஒவ்வொரு தடவை எதையாவது வாங்கும்போதும் ரகசியக் குறி கேட்கும்படி செல்போனில் அமைத்து வைக்கலாம். தெரியாவிட்டால் தெரிந்தவரிடம் கொடுத்துச் செய்து கொள்ளலாம். அந்தக் குறியைப் பிள்ளையிடம் சொல்லக் கூடாது. பணம் அனுப்பும் குறியும் அப்படித்தான். பீரோச் சாவியைப் பிள்ளையிடம் கொடுத்து விளையாடச் சொல்வது உண்டா?

எல்லாவற்றுக்கும் மேலாக, பக்கத்தில் உட்கார வேண்டும். "என்னடா இது?" என்று கேட்க வேண்டும். திட்டுவதற்காக அல்ல, தெரிந்து கொள்வதற்காக. கேட்டால் பிள்ளைகள் சந்தோஷமாகச் சொல்வார்கள். சொல்லும்போதே தாங்கள் என்ன செய்கிறோம் என்று அவர்களுக்கும் புரிந்து விடும்.

அந்தப் பாட்டிக்குச் செல்போன் ஓட்டத் தெரியாது. ஆனால் கார் ஓடிய இடத்தில் சக்கரம் சுற்றியதை அவள் கவனித்தாள், கேள்வியும் கேட்டாள். சக்கரம் நிற்கும் வரை அவள் அங்கேயே உட்கார்ந்து, "இதற்குக் காசு கேட்கிறதா?" என்று இன்னும் ஒரு கேள்வி கேட்டு விட்டால் போதும். அந்த வீட்டுக் காசு பத்திரம்!